வில்லியம் ஃபிண்ட்லியை விட்டுவிட்டீர்களே!

அமெரிக்காவின் தொடக்க கால அரசியல் வழக்கறிஞர்கள், பெருநிலக்கிழார்கள் கையில்தான் இருந்தது என்கிறது உங்கள் கட்டுரை. பெரும்பாலும் உண்மைதான். ஆனால் பென்சில்வேனியாவின் வில்லியம் ஃபிண்ட்லிக்கு ஒரு வரிகூட இல்லாதது வருத்தமளிக்கிறது. அயர்லாந்தின் அல்ஸ்டரிலிருந்து 1763இல் வந்தவர். நெசவு தெரிந்தவர், பிறகு மேற்கே வெஸ்ட்மோர்லாந்தில் ஏர் பிடித்தவர். கல்லூரிப் படி ஏறியதில்லை.

1787இல் புதிய அரசமைப்பை ஏற்பதா என்று பிலடெல்பியாவில் விவாதம் நடந்தது. ஜூரி விசாரணைக்கு, அதாவது பொதுமக்களில் சிலர் அமர்ந்து தீர்ப்புச் சொல்லும் முறைக்கு, இதில் பாதுகாப்பு எங்கே என்று கேட்ட ஃபிண்ட்லி, ஸ்வீடனில் அந்த முறை இருந்து மறைந்ததைச் சுட்டிக்காட்டினார். சட்டம் கரைத்துக் குடித்த ஜேம்ஸ் வில்சனும் மாநிலத் தலைமை நீதிபதி தாமஸ் மெக்கீனும் ஸ்வீடனில் அப்படி ஒரு முறை இருந்ததையே ஏற்க மறுத்தார்கள். ஃபிண்ட்லியோ ஆங்கிலேயச் சட்ட அறிஞர் பிளாக்ஸ்டோனின் நூலையே கொண்டுவந்து ஆதாரம் காட்டினார். சட்ட மாணவர்கள் எல்லாரும் அன்று படித்த நூல் அது! அவையில் அவர் நின்றிருந்த அந்தத் துணிச்சலை நினைத்தாலே எனக்குச் சிலிர்க்கிறது.

வாக்கெடுப்பில் 46க்கு 23 என்று, அரசமைப்பை எதிர்த்த அவர் தரப்பு தோற்றது. ஆனால் அவர்கள் கேட்ட உரிமைகளில் பல 1791இல் திருத்தங்களாக வந்துவிட்டன. அதே ஆண்டு அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸில் நுழைந்தவர், இடையில் சில ஆண்டுகள் தவிர, 1817 வரை இருந்தார். 1794இல் விஸ்கி மீதான வரியை எதிர்த்து மேற்குப் பகுதியில் கலவரம் நடந்தபோது, படையை அனுப்ப வேண்டாம் என்று பென்சில்வேனியாவின் கார்லைல் ஊருக்கே போய் குடியரசுத் தலைவர் வாஷிங்டனிடம் மன்றாடியவரும் இவர்தான். அடுத்த பகுதியிலாவது இவரைப் பற்றி எழுதுங்கள், ஐயா.