பெரியப்பாவின் பொற்காலம்

1975-77 எமர்ஜென்சி என்றால் எங்கள் பெரியப்பாவுக்கு இன்றும் முகம் மலர்ந்துவிடும். "மிசா காலத்துல தாலுகா ஆபீஸ்ல பத்து மணிக்கு எல்லா சீட்லயும் ஆள் இருப்பான்டா. லஞ்சத்துக்குக் கை நீட்டவே பயந்தான்." விசாரணை இல்லாமலே உள்ளே தள்ளிய சட்டம் மிசா, அந்தக் காலத்தைத்தான் அப்படிச் சொல்வார். தெருநாய்க்கு ஒரு உருண்டை வைக்காமல் சாப்பிட உட்காராத மனுஷன் அவர்.

எமர்ஜென்சியைப் புகழ்கிற இவர்களையெல்லாம் மூளைச்சலவைக்கு ஆளானவர்கள் என்று சொல்லிவிட்டு நாம் நகர்ந்துவிடுகிறோம். பெரியப்பாவை யாரும் சலவை செய்யவில்லை. 1974-ல் விலைவாசி 25 சதவீதத்துக்கும் மேல் ஏறியிருந்தது. 1975-ல் மழை நன்றாகப் பெய்து, விளைச்சல் பெருகி, விலை இறங்கியது. மழைக்குச் சேர வேண்டிய பேரையும் இந்திரா வாங்கிக்கொண்டார். கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் வந்ததும் அப்போதுதான், அதையும் மறுக்க முடியாது.

1976-77-ல் மட்டும் 80 லட்சம் பேருக்கு மேல் கருத்தடை செய்தார்கள். ஆளைப் பிடித்து இழுத்துப்போன கொடுமை வடக்கத்திக் கிராமங்களில்தான் அதிகம். டெல்லி துர்க்மான் கேட்டில் வீடுகளை இடிக்கவிடாமல் நின்றவர்களைச் சுட்டார்கள். பேப்பருக்குத் தணிக்கை, பெரியப்பாவுக்கு எப்படித் தெரியும்?

கொடுமை அதிகம் நடந்த வடக்கும் நாமும் எப்படி ஓட்டுப் போட்டோம் என்று 1977 மார்ச் தேர்தல் முடிவைப் பாருங்கள். உத்தரப் பிரதேசத்தில் 85 தொகுதியையும் இந்திராவின் காங்கிரஸ் பறிகொடுத்தது, ரேபரேலியில் இந்திராவே தோற்றார். பீகாரில் 54 தொகுதியையும் பறிகொடுத்தது. ஆந்திராவிலோ 42-ல் 41 காங்கிரசுக்கு. இங்கே தமிழ்நாட்டில் அதிமுக-காங்கிரஸ் கூட்டணிக்கு 39-ல் 34. எம்.ஜி.ஆர் அலை என்பீர்கள். இருக்கட்டும், ஆந்திராவில் எம்.ஜி.ஆரா நின்றார்?

இங்கே அடியே விழவில்லை என்றும் இல்லை. 1976 ஜனவரி 31-ல் திமுக ஆட்சியைக் கலைத்த கையோடு ஆட்களை அள்ளிக்கொண்டு போனார்கள். சென்னை மத்திய சிறையில் அடிபட்ட முன்னாள் மேயர் சிட்டிபாபு அடுத்த ஜனவரியில் இறந்தே போனார். பெரியப்பா தெருவிலும் ஒருவரை ராத்திரியோடு ராத்திரியாகக் கூட்டிப்போனார்களாம். "நீங்க போய்க் கேக்கலையா பெரியப்பா?" என்றேன். "அவன் கட்சிக்காரன்டா, நமக்கென்ன" என்றார். கோபமோ வன்மமோ இல்லாமல், பக்கத்து ஊரில் மழை பெய்ததைச் சொல்வது போலச் சொன்னார். எனக்கு அதுதான் திக்கென்றது. அத்தனை நல்ல மனுஷனுக்கு அந்த வீட்டுக் கதவு வரைக்கும் போகத் தோன்றவில்லை.

அவரை ரொம்பவும் குறை சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை. போன மாதம் பட்டா மாறுதலுக்காக நாலாவது தடவை ஓர் அலுவலகத்தில் நின்றேன். சார் சாப்பிடப் போயிருக்கார் என்றார்கள், மணி மூணே முக்கால். "இவங்களை எல்லாம் ஒருத்தன் வந்து சாட்டையாலே அடிச்சாத்தான் சரிப்படும்" என்று வாய்விட்டே சொல்லிவிட்டேன்.

வரிசையில் நின்ற நாலைந்து பேர் ஆமாம் என்று தலையாட்டினார்கள்.