பிடிக்காட்டி விட்டிட்டுப் போகட்டுமாம்

இத்தாலியில தோட்ட வேலைக்கு வந்த பெடியன் ஒருத்தன், சம்பளத்தில கழிச்ச பத்ரோனேயை, அதுதான் முதலாளியை, எதிர்த்து நிண்ட விஷயத்தை ரெண்டு நாளா எல்லாரும் கதைச்சாச்சு. நான் வாய் திறக்கிறதில்லை எண்டுதான் இருந்தன். "விசாவும் எடுத்து, இருக்க இடமும் குடுத்த பத்ரோனேக்கு இப்படிச் செய்யலாமோ? பிடிக்காட்டி விட்டிட்டுப் போயிருக்கலாம்தானே" எண்டு எங்கட ஆள் ஒருத்தரே எழுதி, அதுக்கு நாற்பது இதயக்குறி. பிறகெங்க நித்திரை?

எங்க போறது அண்ணை?

இத்தாலியில பருவகால வேலைக்கு ஆள் கூப்பிட விண்ணப்பிக்கிறது தோட்டக்காரர். ஆள் வந்து இறங்கின பிறகும் அவர் ஒப்பந்தத்தில கையெழுத்து வைக்கவேணும் (என்ர காலத்தில அதுக்குக் குடிவரவுக் கந்தோர் ஒரு திகதி குடுக்கும்). வைக்காட்டி, கடன்பட்டு முறையா விசாவோட வந்தவனே பேப்பர், அதுதான் வதிவிட அனுமதி, இல்லாதவன் ஆயிடுவான். இதில விட்டிட்டுப் போறதாம்! (முதலாளிக்கும் எசமானுக்கும் இத்தாலிய மொழியில ஒரே சொல்தான், பத்ரோனே. நாங்களும் கூச்சமில்லாமல் சொல்லிப் பழகிட்டம்.)

"சட்டம் இருக்கு" எண்டு வருவியள். இருக்கு. 2016ஆம் ஆண்டின் 199ஆம் இலக்கச் சட்டம் ஆள்பிடிக்கிற தரகரை மட்டுமில்லை, சுரண்டுற முதலாளியையும் உள்ள போடும். அதுக்கு எட்டு வருஷம் கழிச்சு, 2024 ஜூனில, ரோமுக்குத் தெற்கில இருக்கிற லத்தீனாவில கை துண்டான இந்தியத் தொழிலாளியை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகாமல் வீட்டு வாசலில இறக்கிவிட்டவை. துண்டான கை பழப்பெட்டியில. அவனிட்டயும் பேப்பர் இல்லை. அவனும் விட்டிட்டுப் போயிருக்கலாம், என்ன?

நானும் சிசிலித் தீவில ரகூசாப் பக்கம் தக்காளிக் கூடாரத்தில நிண்டவன். என்ர பத்ரோனே நல்ல மனுஷன். அடிக்கேல்ல, ஏசேல்ல. 26 நாள் வேலை செய்தா சம்பளத்தாளில 11 நாள் இருக்கும், அவ்வளவுதான். ஞாயிறுகளில அவற்ற தாயின்ர வளவுக்கு வேலி கட்டினன், நாய்க்கூடு கழுவினன். செய் எண்டு ஒருநாளும் அவர் கேட்கேல்ல. "கந்தோர்த் திகதி இன்னும் வரேல்ல" எண்டு மட்டும் சொல்லுவார். நான் அடுத்த ஞாயிறும் போவன். நத்தாருக்கு ஒரு போத்தல் ஒலிவ் எண்ணெய் தந்தார், எனக்குக் கண் கலங்கிட்டுது. இப்ப அதை நினைக்கத்தான் வெட்கமாக் கிடக்கு.

எல்லாத் தோட்டக்காரரும் கெட்டவையோ எண்டு கேட்பியள். இல்லை. சூப்பர் மார்க்கெட்காரர் விலையில அவையின்ர கழுத்தை நெரிக்கிறதும் உண்மைதான். அதை அங்க போய்க் கேட்கட்டும், பெடியன்ர சம்பளத்தில ஏன் கழிக்கிறது? "நானும் இருபது வருஷமா இருக்கிறன், எனக்கு ஒண்டும் நடக்கேல்லையே" எண்டவருக்கு: நீங்கள் மனுசியின்ர பேப்பரில பலெர்மோ நகரத்துக்கு வந்தனீங்கள் ஐயா. தக்காளியைக் கடையில மட்டும் கண்டனீங்கள்.

அந்த நாற்பது இதயத்தில ஒண்டு என்ர சொந்தத் தம்பியின்ரது. அவன்ர முதல் ஒப்பந்தத்துக்கும் என்ர அதே பத்ரோனேதான் கையெழுத்து வைச்சவர். அதுக்காக நான் எத்தனை ஞாயிறு கூட வேலி கட்டினன் எண்டு அவனுக்கு இண்டைக்கு வரைக்கும் தெரியாது.