கூகை மடத்தில் மழை பெய்தால்

கற்பனை உலகம் படைக்கிறவர்களுக்குப் பறவை ஞானிகள் மேல் தீராத ஆசை. நாவலோ பகடை உருட்டி ஆடும் கதை விளையாட்டோ, மலை உச்சியில் ஒரு நூலகம், இறகு தைத்த அங்கி, அலகு வைத்த முகமூடி, புதிர் போட்டுப் பேசும் ஒரு கிழவர் என்று மடம் தயாராகிவிடுகிறது. இறகைக் கழற்றிப் பார்த்தால் உள்ளே வழக்கமான சாமியார். பறவையைக் காணோம்.

மடத்துக்கு ஒரே ஒரு பறவை போதும் என்பது என் கட்சி. பொதுவாக ‘பறவை’ வேண்டாம், ‘ஆந்தை’கூட வேண்டாம். கூகை என்று முடிவு செய்யுங்கள். அதன் உடம்பிலிருந்து இரண்டு மூன்று திறமைகளையும் ஒரு குறையையும் எடுத்து விதிகளாக மாற்றுங்கள். குறையை விட்டுவிட்டால் மடம் நிற்காது.

கூகையின் காதுத் துளைகள் ஒரே மட்டத்தில் இல்லை. ஒன்று சற்று மேலே, மற்றது கீழே. ஒலி எந்தக் காதுக்கு முந்தி வருகிறது என்பதில் வலம் இடம் தெரியும், எந்தக் காதில் உரக்கக் கேட்கிறது என்பதில் மேல் கீழ் தெரியும். கும்மிருட்டில் எலியைப் பிடிப்பது இப்படித்தான். இதை மடத்துப் பாடமுறையாக்கலாம். விளக்கில்லாத கூடத்தில் ஒருவர் நூலை மனப்பாடமாக ஓதுவார். பரணில் ஒருவரும் தரையில் ஒருவரும் உட்கார்ந்து கேட்டு, தனித்தனியே பொருள் எழுதுவார்கள். இரண்டும் மாறுபடுகிற வரியில்தான் மறைபொருள் இருக்கிறது என்பது அவர்கள் நம்பிக்கை. தனியாளாகப் பொருள் சொல்வது அங்கே குற்றம்.

அடுத்து கக்கல். எனக்கு மிகவும் பிடித்தது இதுதான், எழுதுகிறவர்கள் அநேகமாகத் தொடாததும் இதுதான். கூகை எலியை முழுசாக விழுங்கும். சதை செரித்துவிடும். எலும்பும் மயிரும் இரைப்பையில் உருண்டையாகத் திரண்டு, சில மணி நேரம் கழித்து வாய்வழியே வெளியே விழும். கட்டைவிரல் அளவு, கறுப்பு நிறம், புதிதாக இருக்கும்போது மெருகு பூசினாற்போல் மினுங்கும். ஊறவைத்துப் பிரித்தால் மயிருக்குள் சின்ன மண்டையோடு, ஆரஞ்சு நிற முன்பற்களோடு, பல நேரம் உடையாமலே கிடைக்கும். கூகை என்ன தின்றது என்று ஆய்வாளர்கள் அறிவது இதை வைத்துத்தான்.

இதை மாணவனுக்கு வையுங்கள். நூலைப் பொருள் கேட்காமல் முழுசாக மனப்பாடம் செய்ய வேண்டும். குறித்த நாளில், தனக்குச் செரிக்காததை மட்டும் எழுதி ஆசானிடம் கொடுக்க வேண்டும். கொடுக்கும்வரை அடுத்த நூல் கிடையாது. எளிதான பகுதியை மட்டும் மென்றுவிட்டு வந்தவனிடம் கக்குவதற்கு எதுவும் இருக்காது, ஆசான் உடனே கண்டுபிடித்துவிடுவார். மடத்தின் மிகப் புனிதமான அறையில் நூல்கள் இருக்காது. தலைமுறை தலைமுறையாக யாருக்கும் செரிக்காத கேள்விகள் உருண்டை உருண்டையாகச் சுருட்டி அடுக்கப்பட்டிருக்கும்.

இனி குறை. கூகை சத்தமில்லாமல் பறப்பதற்கு அதன் மெத்தென்ற இறகும், இறகின் முன்விளிம்பில் உள்ள சீப்புப்பல் போன்ற வரிசையும் காரணம். அந்த மென்மைக்கு விலை உண்டு. மழையில் எளிதில் நனைந்துவிடும், மழைச் சத்தத்தில் எலியின் சலசலப்பும் கேட்காது. தொடர்மழையில் அது பட்டினி கிடக்க நேரும். ஆகவே கூகை மடத்தார் மழை நாளில் தீர்ப்புச் சொல்லக் கூடாது, சாட்சி கேட்கக் கூடாது. எதிரி எந்த மாதத்தில் படையெடுப்பான் என்று நீங்கள் தனியாக யோசிக்கவே தேவையில்லை.

வேறு பறவை வேண்டுமென்றாலும் வழி இதேதான். வாத்துகள் பறக்கும் இறகுகளை ஒரே சமயத்தில் உதிர்த்துவிட்டு மூன்று நான்கு வாரம் பறக்க முடியாமல் நாணலுக்குள் ஒளிந்திருக்கும். வாத்து மடத்தில் ஆண்டுக்கொருமுறை எல்லாப் பதவிகளும் ஒரே நாளில் காலியாகட்டும். தலைவரே இல்லாத மடம் வேண்டுமா? ரோம் நகர வானில் மைனா இனத்து ஸ்டார்லிங் கூட்டங்களை ஆராய்ந்தவர்கள், ஒவ்வொரு பறவையும் பக்கத்திலுள்ள ஆறேழு பறவைகளை மட்டுமே கவனிக்கிறது என்று 2008இல் எழுதினார்கள். ஒவ்வொருவரும் ஏழு பேருக்கு மட்டும் பதில் சொல்லும் மடம் அங்கே தயாராக இருக்கிறது.

பலர் சறுக்குவது கலப்படத்தில். கூகையின் காது, காக்கையின் நினைவு, கழுகின் பார்வை மூன்றையும் ஒரே ஆளுக்குக் கொடுத்துவிட்டால் அவரைத் தோற்கடிக்கவே முடியாது, கதை படுத்துவிடும். பறவைகளை வைத்து நல்ல நேரம் கெட்ட நேரம் பார்க்கும் பஞ்சபட்சி சாத்திரத்தை வகுத்தவர்களுக்கு இது தெரிந்திருந்தது. வல்லூறு, ஆந்தை, காகம், கோழி, மயில் என்று ஐந்து பறவைகள். ஊண், நடை, அரசு, துயில், சாவு என்று ஐந்து தொழில்கள். அரசு வேளை இருக்கிற பறவைக்குச் சாவு வேளையும் உண்டு, எதற்கும் விலக்கில்லை.

இன்னொரு சறுக்கல், சகுனம் எப்போதும் நேர்மையாகப் பார்க்கப்படும் என்று எழுதுவது. பழைய ரோமில் புனிதக் கோழிகள் தானியத்தை ஆவலாகக் கொத்தி, அலகிலிருந்து கீழே சிந்தினால் நல்ல சகுனம். கூண்டில் பட்டினி போட்ட கோழி வேறென்ன செய்யும் என்று ரோமானிய எழுத்தாளர் சிசரோவே கேட்டிருக்கிறார். கி.மு. 249இல் கோழிகள் இரை எடுக்கவில்லை என்று சொன்னபோது, தளபதி கிளாடியஸ் புல்கர் ‘தின்னாவிட்டால் குடிக்கட்டும்’ என்று அவற்றைக் கடலில் வீசினார் என்பார்கள். திரெபானா கடற்போரில் தோற்றார், ரோமில் விசாரணை நடந்து அபராதமும் விழுந்தது. சகுனம் பார்ப்பவர், அதைக் கேட்க வேண்டிய தளபதி, கோழிக்கு இரை போடும் ஆள். மடத்துக்கு ஆள் தேர்ந்தெடுக்கும்போது இந்த மூவருக்கும் இடம் ஒதுக்குங்கள், இரை போடும் ஆளுக்கு ஒரு பெயரும் வையுங்கள்.