காணிக்கை 80-இல் ஒரு பங்கு இல்லை

அண்ணாச்சி, நெல்லையப்பர் கோயில் உண்டியலைப் பற்றிச் சொல்லும்போது, 'காணிக்கை என்றால் வருமானத்தில் ஒரு காணி, அதாவது 80-இல் ஒரு பங்கு, அதற்குக் குறைந்தால் தெய்வக் குத்தம்' என்று எழுதியிருக்கிறீர்கள். கணக்கு சரி, முடிவு தப்பு.

காணி 1/80 என்பது உண்மைதான். முந்திரி, காணி, மா எல்லாம் பழைய தமிழ்க் கணக்கில் பின்னங்களின் பேர்: நாலு முந்திரி சேர்ந்தால் ஒரு காணி, நாலு காணி ஒரு மா, அஞ்சு மா சேர்ந்தால் கால். 80 மரக்கால் நெல் அளந்தால் அதில் காணி ஒரு மரக்கால். நிலத்துக்கும் நில உரிமைக்கும்கூட காணி என்றே பேர், அதனால்தான் கல்வெட்டில் அந்தச் சொல் வந்தாலே எல்லாரும் பின்னத்தைத் தேடிக் குழம்புகிறார்கள்.

ஆனால் காணிக்கை வந்தது 'காண்' என்பதிலிருந்து. சாமியையோ அரசனையோ பெரியவர்களையோ காணப் போகும்போது வெறுங்கையோடு போகாமல் வைக்கிற பொருள் அது. கன்னடத்தில் காணிகெ, தெலுங்கில் கானுக என்று அதே சொல் இருக்கிறது, அங்கேயும் அதற்குக் கொடை என்றுதான் அர்த்தம், 80-இல் ஒன்று என்று இல்லை.

பாளையங்கோட்டைப் பக்கம் சர்ச்சுக்குப் போகிறவர்களிடம் கேட்டுப் பாருங்கள். அங்கே அளவு சொல்வது தசமபாகத்துக்கு, பத்தில் ஒன்று என்று பேரிலேயே இருக்கிறது. காணிக்கை தனி, மனசுக்கு ஏற்றபடி போடுவது. கோயிலிலும் அப்படித்தான், ஒரு தேங்காயும் காணிக்கைதான். கூலி வேலைக்குப் போகிற அக்கா ஒருத்தி இதைப் படித்துவிட்டு, நாம் போட்டது குறைச்சலோ என்று பயப்படக் கூடாது, தயவுசெய்து அந்தக் 'குத்தம்' வரியை எடுத்துவிடுங்கள்.