கிரிக்கெட் ஆடும் தொலைக்காட்சி நிலையம்

2025 மார்ச் மாதம், ரமலான் நோன்புக் காலம். ராவல்பிண்டி மைதானத்தில் இரவு ஏழரை மணிக்குத் தொடங்கி நள்ளிரவு கடந்து இரண்டரை மணி வரை நடந்துகொண்டிருந்தது ஒரு முதல்தரப் போட்டி. ஒரு விக்கெட்டுக்கு 128 ரன் என்று நிம்மதியாக இருந்த அணி, அதே 128இல் ஐந்து விக்கெட்டுகளை இழந்து நின்றது. முகமது ஷாசாத் என்ற பந்துவீச்சாளர் உமர் அமீனையும் ஃபவாத் ஆலமையும் அடுத்தடுத்த பந்துகளில் வீழ்த்தினார். அடுத்து வரவேண்டிய சவுத் ஷகீல், விதி கொடுத்த மூன்று நிமிடத்துக்குள் களத்துக்கு வந்து சேரவில்லை. 'டைம்டு அவுட்' என்று கை தூக்கிவிட்டார் நடுவர். அவருக்குப் பின் வந்த இர்ஃபான் கான் சந்தித்த முதல் பந்திலேயே வெளியேறினார். மூன்றே பந்துகளில் நான்கு பேர்.

சவுத் ஷகீல் உடைமாற்றும் அறையில் தூங்கிப்போனார் என்ற செய்தி மறுநாள் உலகம் முழுவதும் சுற்றியது, எல்லோரும் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தப் போட்டியை ஆடிய அணிகளின் பெயர்களிலேயே என் கண் நின்றுவிட்டது. ஒரு பக்கம், அந்த விக்கெட்டுகளை இழந்த பாகிஸ்தான் ஸ்டேட் வங்கி அணி. அந்த வங்கி அந்நாட்டின் மத்திய வங்கி. மறுபக்கம் பாகிஸ்தான் டெலிவிஷன். 1964 நவம்பர் 26 அன்று லாகூரில் ஒளிபரப்பைத் தொடங்கிய அரசுத் தொலைக்காட்சி நிலையம். நிறுவன அணிகள் ஆடும் பிரசிடெண்ட்ஸ் டிராபியின் இறுதிப் போட்டியில் ஒரு வங்கியும் ஒரு தொலைக்காட்சி நிலையமும் மோதின.

இதை விசித்திரம் என்று கடந்துபோகிறவர்கள், அந்த ஏற்பாட்டுக்குள் எத்தனை குடும்பங்களின் அரிசியும் பருப்பும் இருக்கின்றன என்று ஒரு நிமிடம் யோசிக்க வேண்டும். இந்தப் பதிவை நான் எழுதுவதே அதற்காகத்தான்.

பாகிஸ்தானின் முதல் டெஸ்ட் கேப்டன் அப்துல் ஹஃபீஸ் கர்தார் 1972இல் கிரிக்கெட் வாரியத்தின் தலைவரானார். அவர் செய்த மிகப் பெரிய காரியம் எந்த மைதானத்திலும் நடக்கவில்லை. வங்கிகளிடமும் அரசு நிறுவனங்களிடமும் போய், அணி வையுங்கள், ஆட்டக்காரர்களுக்கு வேலை கொடுங்கள் என்று வற்புறுத்தினார். ஹபீப் வங்கி, நேஷனல் வங்கி, யுனைடெட் வங்கி, விமான நிறுவனமான பிஐஏ, மின்வாரியமான வாப்தா, எரிவாயு நிறுவனங்கள் என்று வரிசை நீண்டது. அணுசக்தி ஆராய்ச்சிக்கூடமான கேஆர்எல்கூடப் பிற்காலத்தில் அணி வைத்திருந்தது. சயீத் அஜ்மல் அங்கே ஆடியவர். மியாந்தாத் ஹபீப் வங்கி, வாசிம் அக்ரம் பிஐஏ, மிஸ்பா சுய் நார்தர்ன் எரிவாயு. அங்கே இந்த அணிகளை 'டிபார்ட்மென்ட்' என்ற ஒரே சொல்லால் குறிப்பிடுவார்கள். டிபார்ட்மென்டில் இடம் கிடைத்துவிட்டது என்றால், பெண் கொடுக்கலாம் என்று பொருள்.

மாதச் சம்பளம் ஓர் ஆட்டக்காரனுக்கு என்ன செய்யும் என்று கேட்பவர்களுக்கு நான் எப்போதும் காட்டுகிற மனிதர் ஃபவாத் ஆலம். 2009 ஜூலையில், கொழும்பில், தமிழரான பாக்கியசோதி சரவணமுத்துவின் பெயர் தாங்கிய மைதானத்தில், தன் முதல் டெஸ்டிலேயே 168 ரன் எடுத்தார். அந்நிய மண்ணில் அறிமுகப் போட்டியிலேயே சதம் அடித்த முதல் பாகிஸ்தானியர் அவர். அதற்குப் பிறகு இரண்டே டெஸ்ட். அத்தோடு கதவு சாத்தப்பட்டது. பாகிஸ்தான் அடுத்து ஆடிய 88 டெஸ்டுகளில் அவர் இல்லை. கிட்டத்தட்ட பதினோரு ஆண்டு! உள்நாட்டுப் போட்டிகளில் சராசரி 55க்கு மேல் வைத்துக்கொண்டு ஒரு மனிதன் பதினோரு ஆண்டு காத்திருந்தான் என்றால், அவனுக்குப் பொறுமை மட்டும் இருந்திருந்தால் போதாது. நேஷனல் வங்கியும் பிறகு சுய் சதர்ன் எரிவாயு நிறுவனமும் அவருக்கு ஆட இடம் கொடுத்தன. 2020 ஆகஸ்டில் சவுதாம்ப்டனில் திரும்பி வந்தார். நான்கு பந்தில் பூஜ்யம். அவ்வளவுதான் என்றார்கள். அந்த டிசம்பரில் நியூசிலாந்தில் சதம், அடுத்த மாதம் கராச்சியில் தென்னாப்பிரிக்காவுக்கு எதிராகச் சதம், பிறகு ஹராரேயில், பிறகு கிங்ஸ்டனில்.

தபிஷ் கானின் கதை இதைவிட வலிக்கும். கராச்சிக்காரர். பதினெட்டு ஆண்டு உள்நாட்டில் பந்து வீசி 598 முதல்தர விக்கெட் எடுத்த பிறகு, 36ஆம் வயதில், 2021 மே மாதம் ஹராரேயில் அவருக்கு டெஸ்ட் தொப்பி கொடுத்தார்கள். முதல் ஓவரிலேயே ஒரு விக்கெட். அதுதான் அவருடைய முதல் டெஸ்டும் கடைசி டெஸ்டும்.

இந்தப் பதினெட்டு ஆண்டிலும் பதினோரு ஆண்டிலும் இவர்கள் எங்கே ஆடினார்கள், எப்படி ஆடினார்கள் என்று யார் பார்த்தது? இங்கேதான் தொலைக்காட்சிக்காரர்களின் கதை வந்து கலக்கிறது. ஒரு காலத்தில் இந்த இரண்டு தொழில்களும் ஒரே வீட்டுப் பிள்ளைகள் போல இருந்தன. கமர் அகமது பிறந்தது பீகார் ஷரீஃபில். வளர்ந்து ஆடியது சிந்து மாகாண ஹைதராபாத்தில். இடதுகைச் சுழற்பந்து வீச்சாளர். சிந்து அணிக்கும் ஹைதராபாத் அணிக்கும் முதல்தரப் போட்டிகள் ஆடிவிட்டு லண்டன் போனார். பிபிசிக்கும் பல நாட்டுப் பத்திரிகைகளுக்கும் எழுதியும் பேசியும் 400க்கும் மேற்பட்ட டெஸ்டுகளை நேரில் கண்டு செய்தி தந்தார். பந்தைப் பிடித்த விரல்களே பேனாவையும் பிடித்தன. வானொலியில் ஆங்கில வர்ணனையால் ஒரு தலைமுறையையே வளர்த்தவர்கள் ஜம்ஷேத் மார்க்கரும் உமர் குரேஷியும். மார்க்கர் பின்னாளில் தூதரானார். குரேஷி பிஐஏவில் பணியாற்றினார். பந்து வீசிய இம்ரான் கானுக்கும் வர்ணனை செய்த குரேஷிக்கும் இடம் கொடுத்தது ஒரே விமான நிறுவனம் என்பதை நினைத்துப் பாருங்கள். 1969இல் முனீர் ஹுசைன் உருதுவில் வர்ணனை சொல்லத் தொடங்கிய பிறகுதான் ஆங்கிலம் அறியாத வீடுகளுக்குள்ளும் ஆட்டம் நுழைந்தது.

பிறகு 2002இல் தனியார் அலைவரிசைகளுக்கு வழி திறந்தது. ஒழுங்குமுறை ஆணையமான பெம்ரா உருவானது, ஜியோ என்ற பாகிஸ்தானியச் செய்தி அலைவரிசை வந்தது, பத்து ஆண்டுக்குள் ஏஆர்ஒய், ஆஜ், சமா, துன்யா, எக்ஸ்பிரஸ் என்று வீட்டுக்கு வீடு செய்தி அலைவரிசைகள். பேசும் தலைகள் பெருகின, மைதானத்துக்குப் போகும் கால்கள் குறைந்தன. 2018இல் அரசு விளம்பரம் சுருங்கத் தொடங்கியதும் நூற்றுக்கணக்கில் ஆட்குறைப்பு. வக்த் நியூஸ் என்ற அலைவரிசை அந்த ஆண்டே மூடப்பட்டது. கேமராக்காரர்களுக்கும் செய்தியாளர்களுக்கும் மாதக்கணக்கில் சம்பளம் நின்றது. சிற்றூர்களில் 'நாமாநிகார்' என்று அழைக்கப்படும் வட்டாரச் செய்தியாளருக்கு அலைவரிசையின் சின்னம் பொறித்த மைக் கிடைக்கும், பெரும்பாலும் சம்பளம் கிடைக்காது.

இந்தச் செய்தியாளர்களின் நிலையைப் படித்தபோது எனக்கு நெஞ்சு அடைத்தது. இளவயதில் நானும் ஓர் அலைவரிசைக்கு மாவட்டச் செய்தியாளராக மூன்று ஆண்டு ஓடியவன். செய்தி ஒளிபரப்பானால் மட்டும் காசு. அதுவும் ஆறு மாதம் கழித்து வரும், வராமலும் போகும். பெட்ரோலுக்குக் கையில் பணம் இல்லாத நாளில் எந்தச் செய்திக்குப் போவேன்? உணவு போடும் கூட்டத்துக்குப் போவேன். மாவட்டப் பள்ளிகளின் கபடிப் போட்டிக்கு ஒருநாளும் போனதில்லை. அந்தக் குற்ற உணர்ச்சி இன்னும் என்னிடம் இருக்கிறது. ஆகவே அப்போட்டாபாத்தில் நடக்கும் நான்கு நாள் ஆட்டத்துக்கு எந்த அலைவரிசையும் ஏன் ஆள் அனுப்புவதில்லை என்று யாரும் எனக்கு விளக்க வேண்டியதில்லை. சம்பளம் இல்லாத செய்தியாளன் அங்கே போகமாட்டான். அவன் போகாததால் ஃபவாத் ஆலமின் சதம் ஸ்கோர் அட்டையில் ஒரு வரியாகச் செத்துக்கிடக்கும். தேர்வாளர் அதைப் பார்க்காமலே இருந்துவிடலாம். ஏன் பார்க்கவில்லை என்று கேட்க ஆள் இல்லை.

2019இல் இந்த வீட்டின் தூணையே இழுத்துவிட்டார்கள். பிரதமராக இருந்த இம்ரான் கான் ஆஸ்திரேலியா போல ஆறே அணிகள் போதும் என்றார். நாட்டின் முதன்மையான முதல்தரத் தொடரான குவாய்த்-இ-ஆசம் டிராபியில் அதற்கு முந்தைய ஆண்டு 16 அணிகள் ஆடின, அவை ஆறாயின. டிபார்ட்மென்ட் அணிகளின் கிரிக்கெட் நின்றது. 192 பேருக்கு வாரியம் ஒப்பந்தம் கொடுத்தது, மாதம் 50,000 ரூபாய். மற்றவர்கள்? அந்த அக்டோபரில் கராச்சியில் ஒரு முன்னாள் முதல்தர ஆட்டக்காரர் சுசுகி பிக்கப் வண்டி ஓட்டிப் பிழைக்கும் காணொளி பரவியது. அவர் முகத்தில் கோபம்கூட இல்லை. அதுதான் என்னைத் தூங்கவிடவில்லை.

இம்ரானின் வாதத்தில் நியாயமே இல்லை என்று சொல்லமாட்டேன். பதினாறு அணி என்பது அதிகம். ஆட்டத்தின் தரம் நீர்த்துத்தான் போயிருந்தது. வங்கிக்கு ரசிகன் கிடையாது, ஊருக்குத்தான் ரசிகன் என்பதும் உண்மை. ரமீஸ் ராஜா வாரியத் தலைவராக வந்து, 2021இல் எல்லோருடைய மாத ஒப்பந்தத் தொகையிலும் ஒரு லட்சம் ரூபாய் கூட்டியபோது, கடைசிப் பிரிவில் 40,000 வாங்கிக்கொண்டிருந்தவருக்கும் 1,40,000 கிடைத்தது. நல்ல காரியம், பாராட்டுகிறேன். ஆனால் அது 192 பேருக்கு. ஆட்டம் ஓய்ந்த மறுநாளும் மேசையும் நாற்காலியும் காத்திருக்கும் என்ற உறுதியை அந்த ஒரு லட்சத்தால் வாங்க முடியாது. மிஸ்பா, முகமது ஹஃபீஸ், அசர் அலி மூவரும் 2020 செப்டம்பரில் பிரதமரை நேரில் கண்டு டிபார்ட்மென்டுகளைத் திருப்பிக் கொடுங்கள் என்று கேட்டார்கள். மறுத்துவிட்டார். பிஐஏ அணிச் சட்டை போட்டு ஆடிய மனிதர் மறுத்தார் என்பதை என்னால் இன்றுவரை செரிக்க முடியவில்லை.

2022 டிசம்பரில் காற்று மாறியது. வாரியத்தை எடுத்துக்கொண்டவர் நஜம் சேத்தி. பத்திரிகை ஆசிரியர், ஜியோவில் அரசியல் நிகழ்ச்சி நடத்தியவர். அவர் பழைய அமைப்புச் சட்டத்தைத் திருப்பிக் கொண்டுவந்தார். டிபார்ட்மென்டுகள் மீண்டும் களமிறங்கின. 2024 பிப்ரவரியில் வந்தவர் மொசின் நக்வி, சிட்டி 42 உள்ளிட்ட செய்தி அலைவரிசைகளை நிறுவியவர். இருவருமே தொலைக்காட்சியிலிருந்து வந்தவர்கள், இருவருமே பஞ்சாப் மாகாணத்தின் இடைக்கால முதலமைச்சர்களாக இருந்தவர்கள். செய்தி அறையில் மாதக்கடைசி எப்படி இருக்கும் என்று அறிந்தவர்கள் கையில் கிரிக்கெட் வந்தது நல்லதுதான் என்று நான் மனதார நம்பினேன்.

என்ன நடந்தது? 2024 செப்டம்பரில் சாம்பியன்ஸ் கோப்பை என்று புதிதாக ஒன்று. ஐந்து அணி, ஐந்து ஆலோசகர்கள், ஒவ்வொருவருக்கும் மாதம் 50 லட்சம் ரூபாய் என்று செய்தி. 2025 மார்ச்சில், அதாவது ராவல்பிண்டியில் நான்கு பேர் மூன்று பந்தில் போன அதே மாதத்தில், தேசிய டி20 போட்டிக்கான ஊதியத்தை 40,000 ரூபாயிலிருந்து 10,000 ஆகக் குறைத்தார்கள். கூச்சல் எழுந்ததும் மறுபரிசீலனை செய்தார்கள். அந்தப் பத்தாயிரம் முதலில் எழுதப்பட்டபோது அந்த அறையில் இருந்த ஒருவருக்குக்கூடக் கை நடுங்கவில்லையா?

நான் கேட்பது பெரிய விஷயம் இல்லை. ஆட்சி மாறும்போதெல்லாம் உள்நாட்டுக் கிரிக்கெட்டைப் பிரித்துப் போட்டுக் கட்டுவதை நிறுத்துங்கள். அணி வைக்கும் நிறுவனம் ஆட்டக்காரனுக்குக் குறைந்தது மூன்று ஆண்டு எழுத்து ஒப்பந்தம் கொடுக்கட்டும். அணியைக் கலைத்தாலும் ஆளைக் கலைக்கக்கூடாது. கிரிக்கெட் ஒளிபரப்பு உரிமை வாங்கும் அலைவரிசை, உள்நாட்டுப் போட்டி நடக்கும் ஒவ்வொரு ஊருக்கும் சம்பளம் பெறும் ஒரு செய்தியாளரை அனுப்ப வேண்டும் என்று அந்த உரிமைப் பத்திரத்திலேயே எழுதுங்கள். ஸ்டூடியோவில் நாலு முன்னாள் வீரர்களைக் கத்தவிடும் செலவில் இது ஒரு மூலைக்குக் காணாது.

அந்த ராவல்பிண்டி இரவின் ஸ்கோர் அட்டையை நான் சேமித்து வைத்திருக்கிறேன். எல்லோரும் சவுத் ஷகீல் பெயருக்கு எதிரே இருந்த அந்த அபூர்வக் குறிப்பைத்தான் பார்த்தார்கள். நான் அதற்கு மேல் வரியைப் பார்த்தேன். ஃபவாத் ஆலம், முதல் பந்து, பூஜ்யம். அப்போது வயது 39. கொழும்பில் அந்த 168 எடுத்துப் பதினாறு ஆண்டு ஆகப்போயிருந்தது. நோன்பு மாதத்து நடு இரவில், ஸ்டேட் வங்கி அணியின் சட்டையில், இன்னும் ஆடிக்கொண்டிருந்தார்.