மூணு வயசுலயே எல்லாம் தெரிஞ்சிடாது

நேத்து எங்க அபார்ட்மென்ட் பேரண்ட்ஸ் குரூப்ல ஒரு ஃபார்வர்டு. "மூணு வயசுல அடம் பிடிக்கிற பிள்ளை முப்பது வயசுல கடனாளி ஆகும், ஜெயிலுக்குப் போகும், நியூசிலாந்து விஞ்ஞானிகள் நிரூபிச்சுட்டாங்க"ன்னு. கீழ பத்து பதினஞ்சு பேர் கும்பிடு போட்டிருந்தாங்க. ஒரு அம்மா மட்டும் "எங்க பாப்பாவுக்கு மூணே கால் வயசு, தினமும் அடம்தான், இப்ப நான் என்ன பண்றது"ன்னு கேட்டிருந்தாங்க, அதுக்கு யாருமே பதில் சொல்லல. எனக்கு மனசே கேக்கல. ராத்திரி பதினோரு மணிக்கு அவங்களுக்குத் தனியா டைப் பண்ண ஆரம்பிச்சேன், அது நீண்டுக்கிட்டே போச்சு, சரி இது இன்னும் நாலு பேருக்கு உதவும்னு இங்கயும் போடறேன்.

அந்த நியூசிலாந்து ஆராய்ச்சி நிஜமாவே இருக்கு. நான் அதைப் பல வருஷமா தேடித் தேடிப் படிச்சிட்டு வர்றேன், எனக்கு அது மேல ரொம்ப மரியாதை, அதனாலதான் இந்த ஃபார்வர்டைப் பார்த்தா இவ்வளவு கோவம் வருது.

தெற்குத் தீவுல டனீடின்னு ஒரு ஊர். அங்க குயின் மேரி பிரசவ ஆஸ்பத்திரியில 1972 ஏப்ரல் 1ல இருந்து 1973 மார்ச் 31 வரைக்கும் பிறந்த குழந்தைங்க, அதுல மூணு வயசுல திரும்ப வந்து சேர்ந்தவங்க 1,037 பேர். ஃபில் சில்வான்னு ஒருத்தர் ஆரம்பிச்சு வெச்சாரு. அந்த 1,037 பேரை 5, 7, 9, 11, 13, 15ன்னு வளர வளர கூப்பிட்டுக் கூப்பிட்டுப் பார்த்தாங்க, அப்புறம் 18, 21, 26, 32, 38, 45. பல்லு, ரத்தம், நுரையீரல், வேலை, கடன், காதல், குடி, மனசு எல்லாம். 45 வயசுல மூளையை எம்ஆர்ஐ ஸ்கேன் கூட எடுத்தாங்க.

அப்ப உயிரோட இருந்தவங்க 997 பேர், அதுல வந்தவங்க 938. நூத்துக்கு தொண்ணூத்தி நாலு பேர்! நம்ம ஸ்கூல் பேட்ச் ரீயூனியனுக்கு எத்தனை பேர் வர்றாங்கன்னு யோசிச்சுப் பாருங்க. ஆஸ்திரேலியா, இங்கிலாந்துன்னு எங்க குடியேறி இருந்தாலும் டிக்கெட் போட்டு ஊருக்கு வரவழைப்பாங்க, ஒரு முழு நாள் அவங்களோட உக்காருவாங்க, சொன்னது எதுவும் வெளிய போகாதுன்னு வாக்கு குடுத்து அந்த வாக்கை அம்பது வருஷமா காப்பாத்திட்டு வர்றாங்க. ரிச்சி பூல்டன்னு ஒருத்தர், 1985ல ஸ்டூடண்டா இருக்கும்போது பேட்டி எடுக்கப் போனவரு, 2000ல இருந்து அவர்தான் டைரக்டர், 2023ல இறந்துட்டாரு. ஒரு மனுஷன் வேலை பார்க்கிற காலம் பூரா இதே 1,037 பேர் கூட போயிருக்கு.

சரி அந்த அடம் விஷயத்துக்கு வர்றேன். இந்த ஆராய்ச்சியில இருக்கிற மனவியல் ஆய்வாளர்கள் டெர்ரி மோஃபிட், அவ்ஷலோம் காஸ்பி எல்லாம் சேர்ந்து 2011ல ஒரு கட்டுரை போட்டாங்க. சின்ன வயசுல தன்னைத்தானே அடக்கிக்கிற திறன் குறைவா இருந்த பிள்ளைங்களுக்கு 32 வயசுல உடம்பு, பணம், போலீஸ் கேஸ் மூணுலயும் சிக்கல் அதிகமா இருந்துச்சு, வீட்டு வசதியையும் ஐக்யூவையும் கழிச்சுப் பார்த்தாலும் இருந்துச்சு. அது உண்மை, அதை நான் மறைக்க மாட்டேன். ஆனா அவங்க அதை எப்படி அளந்தாங்கன்னு ஃபார்வர்டு போட்டவங்க பார்க்கவே இல்ல. ஒரு நாள் கடையில தரையில உருண்டு அழுததை வெச்சு அளக்கல. 3 வயசுல இருந்து 11 வயசு வரைக்கும், கூட இருந்து பார்த்த ஆய்வாளர் சொன்னது, அம்மா அப்பா சொன்னது, டீச்சர் சொன்னது, 11 வயசுல அந்தப் பிள்ளையே தன்னைப் பத்தி சொன்னது, எல்லாத்தையும் சேர்த்து ஒரு கணக்கு. எட்டு வருஷம். ஒரே ஒரு டீச்சர் ஒரே ஒரு டெர்ம்ல எழுதற ரிமார்க் கிடையாது.

அடுத்தது இன்னும் முக்கியம். அந்த ஆயிரம் பேரையும் அடக்கம் அதிகமா இருந்தவங்கள்ல இருந்து குறைவா இருந்தவங்க வரைக்கும் வரிசைப்படுத்தி அஞ்சு பங்கா பிரிச்சா, கடைசிப் பங்குல இருந்தவங்கள்ல நூத்துக்கு 43 பேர் 32 வயசுக்குள்ள ஏதோ ஒரு குற்றம் பண்ணதா கோர்ட்ல நிரூபணம் ஆகியிருந்துச்சு. முதல் பங்குல 13 பேர். பெரிய வித்தியாசம்தான். ஆனா அந்தக் கடைசிப் பங்குலயே மிச்சம் 57 பேர் எந்தக் கேஸும் இல்லாம வாழ்ந்துட்டு இருந்தாங்களே, அவங்களை ஏன் யாரும் ஃபார்வர்டு பண்றதில்ல? வளர வளர அடக்கம் கூடினவங்களுக்கு வாழ்க்கையும் எதிர்பார்த்ததை விட நல்லா அமைஞ்சிருக்குன்னும் அதே கட்டுரையில இருக்கு.

என் பையன் எல்கேஜி படிக்கும்போது பேரண்ட்ஸ் மீட்டிங்ல அவங்க மிஸ் "இவன் ஒரு நிமிஷம் ஒரு இடத்துல உக்கார மாட்டேங்கறான், இப்பவே பார்த்துக்குங்க, பின்னாடி கஷ்டப்படுவீங்க"ன்னு சொன்னாங்க. வெளிய வந்து பார்த்தா, அவன் வராண்டாவுல உக்காந்து அத்தனை பேரண்ட்ஸோட செருப்பையும் ஜோடி சேர்த்து வரிசையா அடுக்கிட்டு இருந்தான். பெரிய செருப்பு ஒரு பக்கம், சின்னது ஒரு பக்கம், ஒரு ஹவாய் செருப்புக்கு மட்டும் ஜோடி கிடைக்காம தேடிட்டு இருந்தான். நாங்க உள்ள இருந்தது இருபத்தஞ்சு நிமிஷம், அவ்வளவு நேரமும் அந்த ஒரே வேலை. அந்த மிஸ் கெட்டவங்க கிடையாது, நாப்பது பிள்ளைங்களை ஒத்தை ஆளா மேய்க்கிறாங்க, அவங்களுக்கு அதெல்லாம் பார்க்க நேரம் ஏது. ஆனா நான் அன்னைக்கு ராத்திரி தூங்கல. அந்த ஒரு வார்த்தையை மனசுல வெச்சுக்கிட்டு ரெண்டு வருஷம் அவனைத் தேவையில்லாம அதட்டியிருக்கேன்.

அதே டனீடின்ல இருந்து வந்த இன்னொரு விஷயம் இருக்கு, அதை எந்த ஃபேமிலி குரூப்லயும் நான் பார்த்ததே இல்ல. 11 வயசுல 565 பேர் ரத்தத்துல ஈயம் எவ்வளவு இருக்குன்னு பார்த்திருந்தாங்க. அப்பல்லாம் பெட்ரோல்ல ஈயம் கலப்பாங்க, வண்டிப் புகையில வெளிய வரும். அந்த ஊர்ல பணக்கார வீடு ஏழை வீடுன்னு வித்தியாசமே இல்லாம எல்லாப் பிள்ளைங்க ரத்தத்துலயும் ஈயம் இருந்துச்சு. 38 வயசுல திரும்பப் பார்த்தப்போ, ஒரு டெசிலிட்டர் ரத்தத்துல ஈயம் 5 மைக்ரோகிராம் கூடக் கூட ஐக்யூ ஒண்ணரை பாயிண்டுக்கு மேல குறைஞ்சிருந்துச்சு, பார்க்கிற வேலையும் அவங்க அப்பா அம்மா இருந்த நிலைமையை விட கீழ இறங்கியிருந்துச்சு. 2017ல வந்த கட்டுரை. இந்தியா முழுக்க பெட்ரோல்ல ஈயத்தை நிறுத்தினதே 2000ல தான். எங்க அப்பா கடை சேலத்துல ஆட்டோ ஸ்டாண்டை ஒட்டி இருந்துச்சு, ஸ்கூல் விட்டு வந்து கடை வாசல் பெஞ்சுலதான் நான் வீட்டுப்பாடம் எழுதுவேன், மிட்டாய் பாட்டில் மூடியைத் துணியால துடைச்சா துணி கருப்பாயிடும். அந்தப் புகை எனக்கு என்ன பண்ணுச்சுன்னு யாரும் அளக்கல. பிள்ளை படிக்கலன்னா பிள்ளை மேல குத்தம், அம்மா வளர்ப்பு மேல குத்தம், அது மூச்சு விட்ட காத்துல என்ன இருந்துச்சுன்னு கேக்கறவங்க எத்தனை பேர்?

வயசுப் பையன் தப்பு பண்ணா "இவன் உருப்பட மாட்டான்"னு முத்திரை குத்துறோம் பாருங்க, அதுக்கும் அங்க பதில் இருக்கு. மோஃபிட் 1993லயே எழுதிட்டாங்க, டீன் ஏஜ்ல வம்பு தும்பு பண்ற பசங்கள்ல பெரும்பாலானவங்க அந்த வயசு தாண்டினதும் நிறுத்திடறாங்க, சின்ன வயசுல ஆரம்பிச்சு பெரியவங்களாகியும் தொடர்றவங்க ரொம்பக் கொஞ்சம் பேர்தான். ஆனா நடுவுல மாட்டிக்கிற கண்ணிங்க இருக்கு. 15 வயசுக்குள்ள சிகரெட், படிப்பைப் பாதியில விடறது, சின்ன வயசுலயே பிள்ளை பெத்துக்கிறது. அதுல மாட்டினா திரும்பி வர்றது கஷ்டமாயிடுது. அப்ப நாம காவல் நிக்க வேண்டியது அந்தக் கண்ணிங்க பக்கத்துல, மூணு வயசுப் பாப்பா தலைமாட்டுல இல்ல.

இன்னொண்ணு, 45 வயசு ஆகறதுக்குள்ள அந்த டனீடின்காரங்கள்ல நூத்துக்கு 86 பேருக்கு டிப்ரஷனோ பதட்டமோ குடிப்பழக்கமோ, மனநலம் சம்பந்தமான ஏதோ ஒண்ணு, ஒரு கட்டத்துலயாவது வந்திருக்கு. எங்க வீட்ல யாருக்கும் அதெல்லாம் இல்லன்னு சொல்றவங்க இதைக் கொஞ்சம் யோசிக்கணும்.

இதையெல்லாம் பெரியவங்களானப்புறம் கேட்டுத் தெரிஞ்சுக்க முடியாதான்னா, முடியாது. அங்கயே 18 வயசுல பழசெல்லாம் கேட்டு, சின்ன வயசுல எழுதி வெச்சதோட ஒத்துப் பார்த்தாங்க. வீட்ல சண்டை இருந்துச்சா, அம்மா மனசு எப்படி இருந்துச்சுங்கற மாதிரி விஷயங்கள்ல ஞாபகமும் எழுத்தும் சரியாவே பொருந்தல. அப்பப்ப போய்ப் பார்த்து அப்பப்ப எழுதினாதான் உண்டு.

குறை இல்லாம இல்ல, அது ஒரே ஊரு, பெரும்பாலும் வெள்ளைக்காரங்க, மாவோரி மக்கள் கம்மி. அப்புறம் ஆக்லாந்து பக்கம் 2009, 2010ல பிறந்த ஆறாயிரத்துச் சொச்சம் பிள்ளைங்களை வெச்சு ஆக்லாந்து யுனிவர்சிட்டிக்காரங்க புதுசா ஒண்ணு ஆரம்பிச்சாங்க. நம்ம பக்கமும் சும்மா இல்ல, 1969ல இருந்து 73 வரைக்கும் வேலூர்லயும் சுத்துவட்டாரத்துலயும் பிறந்தவங்களை சிஎம்சிக்காரங்க பெரியவங்களானப்புறம் தேடிப் போய் சர்க்கரை, இதயம்னு பார்த்திருக்காங்க. டனீடின் பிள்ளைங்க வயசுதான் அவங்களுக்கும். பக்கத்துல ஆந்திரா, தெலங்கானாவுல யங் லைவ்ஸ்னு ஒண்ணு 2002ல இருந்து மூவாயிரம் பிள்ளைங்களோட போயிட்டிருக்கு. ஆனா பிறந்ததுல இருந்து விடாம, ஒவ்வொரு மாவட்டத்துலயும், நம்ம பிள்ளைங்களோட கூடவே போற ஒண்ணு தமிழ்நாட்டுக்கு வேணும்னு நான் ரொம்ப ஆசைப்படறேன். எலக்‌ஷன் வந்தாலும் ஆட்சி மாறினாலும் நிக்காத ஒண்ணு.

எங்க சின்ன அத்தை அங்கன்வாடி டீச்சரா இருந்து ரிட்டயர் ஆனவங்க. தொங்கற தராசுல பிள்ளைங்களைத் துணித் தொட்டில்ல போட்டு எடை பார்த்து மாசா மாசம் எழுதுவாங்க. பிள்ளை ஒண்ணாங்கிளாஸ் போயிட்டா அந்த ரிஜிஸ்டர்ல அதோட பேரு முடிஞ்சிடும், ஸ்கூல்ல வேற நம்பர், வேற நோட்டு, இதையும் அதையும் யாரும் சேர்த்துப் பார்க்க மாட்டாங்க. இன்னைக்கு காலையில அத்தைக்குப் போன் பண்ணி இதெல்லாம் சொன்னேன். அவங்க தனக்குன்னு தனியா ஒரு நோட்டு வெச்சிருக்காங்களாம், முதல் வருஷம் வந்த பிள்ளைங்க பதினேழு பேர், பேரு, எடை, யாரு மூக்கொழுகிட்டு வருவா, யாரு முட்டை சாப்பிட மாட்டான்னு கூட எழுதியிருக்கு. ஒவ்வொரு பேரா படிச்சு, இவன் திருப்பூர்ல பனியன் கம்பெனி, இவ நர்ஸ், இவன் லாரி ஓட்டறான், இவ செத்துப் போயிட்டான்னு பதினாலு பேருக்கு சொன்னாங்க. மிச்சம் மூணு பேர்? "இரும்மா, ஒருத்தனோட அக்காவை போன வாரம் சந்தையில பார்த்தேன், விசாரிச்சு சொல்றேன்"ன்னு போனை வெச்சாங்க. சாயந்திரம் திரும்ப அவங்களே கூப்பிட்டாங்க, ஒருத்தன் நம்பர் கிடைச்சிடுச்சாம்.