எலியட் ஆர்வெல்லைத் திருப்பி அனுப்பியது ஏன்?

‘எழுத்து மட்டம் என்று சொல்லி ஆர்வெல்லின் விலங்குப் பண்ணையைக் குப்பையில் போட்டார் கவிஞர் டி.எஸ். எலியட்’ என்றொரு வாட்ஸ்அப் தகவல் சுற்றுகிறது. பாதிதான் உண்மை. ஜார்ஜ் ஆர்வெல்லின் அந்த நாவல், சோவியத் ஆட்சியைப் பன்றிகள் ஆளும் ஒரு பண்ணையாகப் பகடி செய்வது. ஃபேபர் பதிப்பக இயக்குநராக இருந்த எலியட் அதை வெளியிட மறுத்தது நிஜம். ஆனால் 1944 ஜூலை 13 தேதியிட்ட கடிதத்தில் எழுத்தை அவர் பாராட்டவே செய்கிறார். ஸ்விஃப்டின் புகழ்பெற்ற அங்கத நாவலான ‘கலிவரின் பயணங்க’ளோடுகூட ஒப்பிடுகிறார். அன்றைய அரசியல் நிலவரத்தை விமர்சிக்க இது சரியான கோணம்தானா என்பதே அவரது தயக்கம். போரில் சோவியத் யூனியன் பிரிட்டனின் கூட்டாளியாக இருந்த நேரம் அது. பன்றிகளுக்குப் பொதுநல உணர்வு இருந்திருந்தால் போதுமே என்கிற தொனியில் ஒரு வரியும் உண்டு. அது கொஞ்சம் வேடிக்கைதான். 1945 ஆகஸ்டில் செக்கர் அண்ட் வார்பர்க் என்ற பதிப்பகம் நூலை வெளியிட்டது. எலியட்டின் கடிதத்தைப் பிரிட்டிஷ் நூலகம் 2016இல் இணையத்தில் வெளியிட்டது. அந்தத் தகவலை இனி யாருக்கும் அனுப்ப வேண்டாம்.